வெள்ளைச் சீருடையும் இலவச டப்பாவும்

1936-இல் சிசிலி வில்லியம்ஸ் என்ற குழந்தை மருத்துவர் மலாயாவுக்கு மாற்றலாகி வந்தார். ஜமைக்காவில் பிறந்தவர். அதற்கு முன் மேற்கு ஆப்பிரிக்காவின் கோல்டு கோஸ்ட்டில், இன்றைய கானாவில், வேலை பார்த்தவர். வயிறு உப்பி, கால் வீங்கி, முடி செம்பட்டையாகி இறந்துபோகும் குழந்தைகளை அங்கே பார்த்து, குவாஷியோர்கர் என்ற ஊட்டக்குறைவு நோயை மருத்துவ ஏடுகளில் விவரித்துப் பெயர் பெற்றவர். சிங்கப்பூரில் அவர் கண்டது வேறொரு காட்சி. செவிலியர் மாதிரி வெள்ளை உடை உடுத்திய பெண்கள் நெரிசலான குடியிருப்புகளில் படியேறி இறங்கினார்கள். பிள்ளை பெற்ற வீடுகளாகத் தேடிப் போய், தாய்ப்பாலுக்குப் பதிலாக டின்னில் அடைத்த கெட்டிப்பாலைக் கொடுக்கச் சொன்னார்கள். அவர்கள் செவிலியர் அல்ல, பால் கம்பெனியின் சம்பளக்காரர்கள். சர்க்கரை நிறைந்த அந்தப் பாலில் குழந்தைக்கு வேண்டிய வைட்டமின்கள் இல்லை.

1939-இல் சிங்கப்பூர் ரோட்டரி சங்கம் அவரைப் பேச அழைத்தது. தம் உரைக்கு அவர் வைத்த தலைப்பு 'பாலும் கொலையும்'. தவறான பிரசாரத்தால் ஒரு குழந்தை செத்தால் அதைக் கொலையாகவே கருத வேண்டும் என்று, எதிரில் உட்கார்ந்திருந்த வணிகப் பிரமுகர்களிடம் நேருக்கு நேர் சொன்னார்.

அதனால் ஒன்றும் நின்றுவிடவில்லை. போர் முடிந்தது, காலனிகள் விடுதலை பெற்றன, கெட்டிப்பாலின் இடத்துக்குப் பால் பவுடர் வந்தது. ஆனால் 1960களிலும் 70களிலும் ஆப்பிரிக்கா, ஆசியா, லத்தீன் அமெரிக்கா எங்கும் மகப்பேறு வார்டுகளில் அதே வெள்ளைச் சீருடை நடமாடியது. பிரசவித்த தாய் வீட்டுக்குக் கிளம்பும்போது கையில் ஓர் இலவச டப்பா. 1974-இல் பிரிட்டனின் 'வார் ஆன் வான்ட்' அமைப்பு, மைக் முல்லர் எழுதிய சிறு நூல் ஒன்றை வெளியிட்டு இதை உலகறியச் செய்தது. சுவிட்சர்லாந்தில் ஒரு குழு அதை ஜெர்மனில் மொழிபெயர்த்து, 'நெஸ்லே குழந்தைகளைக் கொல்கிறது' என்று தலைப்பையே மாற்றிப் போட்டது. பால் பவுடர் விற்ற நெஸ்லே நிறுவனம் அவதூறு வழக்குத் தொடுத்தது. 1976-இல் பெர்ன் நகர நீதிமன்றம் நிறுவனத்தின் பக்கம் தீர்ப்புச் சொல்லி, குழுவினருக்குத் தலைக்கு 300 பிராங்க் அபராதம் விதித்தது. கூடவே, நிறுவனம் தன் விற்பனை முறைகளை அடியோடு மாற்றிக்கொள்ள வேண்டும் என்றும் நீதிபதி சொல்லிவைத்தார். வழக்கில் ஜெயித்து ஊரில் தோற்ற கதை. மறு ஆண்டே அமெரிக்காவில் புறக்கணிப்பு இயக்கம் தொடங்கியது. 1981 மே மாதம் உலக சுகாதார சபை, தாய்ப்பால் மாற்றுணவுகளை எப்படி விற்கலாம், எப்படி விற்கக் கூடாது என்று விதிமுறை வகுத்தது. ஆதரவு 118 நாடுகள், எதிர்ப்பு ஒன்றே ஒன்று: அமெரிக்கா.

இந்த அத்தியாயத்தின் கேள்வி இங்கேதான் எழுகிறது. பால் பவுடர் விஷமல்ல. தாயை இழந்த குழந்தைக்கும், சில நோய்களுக்கு மருந்து சாப்பிடும் தாயின் குழந்தைக்கும் அதுதான் உயிர்காப்பு. ஒரு பொருளை வாங்கச் சொல்லி ஒருவரை இணங்க வைப்பதும் குற்றமல்ல. காய்கறிக்காரர் முதல் தேர்தல் வேட்பாளர் வரை எல்லோரும் செய்வது. ஆசிரியரும் மருத்துவரும் பெற்றோரும் நாள் முழுக்கச் செய்வது. இந்த நூலை எழுதுகிற நானும் இந்தக் கணம் அதைத்தான் செய்துகொண்டிருக்கிறேன். அப்படியானால் அந்தச் சீருடைப் பெண் எந்த இடத்தில் கோட்டைத் தாண்டினாள்? இணங்க வைப்பது எங்கே முடிந்து, ஆட்டிவைப்பது எங்கே தொடங்குகிறது?

பொய் சொன்னதுதான் குற்றம் என்று சுலபமாகச் சொல்லிவிடலாம். சில இடங்களில் பொய்யும் சொல்லப்பட்டது. ஆனால் ஒரு பொய்கூடச் சொல்லாமலே இந்த வியாபாரம் நடக்கும். "சில தாய்மாருக்குப் பால் போதாது அம்மா. உங்களுக்கு அப்படி இருந்தால் கவலைப்படாதீர்கள், இதைக் கொடுங்கள்." இதில் எந்த வாக்கியம் பொய்? சில தாய்மாருக்குப் பால் குறைவது உண்மை. கவலைப்படாதே என்பது ஆறுதல். ஆனால் அந்த ஆறுதல் வார்த்தைதான் கவலையை உள்ளே இறக்குகிறது.

உடலியல் இங்கே குறுக்கே வருகிறது. பிரசவத்தில் நஞ்சுக்கொடி வெளியேறியதும் தாயின் ரத்தத்தில் புரொஜெஸ்டிரோன் சடாரென்று இறங்குகிறது. புரோலாக்டின் என்ற ஹார்மோனின் கை ஓங்குகிறது. முதலில் சீம்பால், இரண்டு மூன்று நாளில் முழுப்பால். அதன் பிறகு சுரப்பின் கணக்கு எளிது: குழந்தை குடிக்கக் குடிக்கச் சுரக்கும், குடிக்காவிட்டால் குறையும். மார்பில் தேங்கும் பாலே 'போதும்' என்று சுரப்பிகளுக்குச் சொல்லிவிடும். சுரந்த பால் காம்புக்கு இறங்கி வர இன்னொரு ஹார்மோன் வேண்டும், ஆக்சிடோசின். இது மனநிலைக்குக் கட்டுப்பட்டது. 1948-இல் நியூட்டன் என்ற அமெரிக்க ஆய்வாளர் தம்பதி ஒரு தாயிடம் செய்த சோதனை இத்துறையில் பிரபலம். பால் கொடுக்கும் நேரத்தில் அந்தத் தாயின் காலை ஐஸ் தண்ணீரில் வைத்தார்கள். கால் விரலைப் பிடித்து இழுத்தார்கள். கடினமான கணக்குகளைக் கொடுத்து விடை கேட்டார்கள். குழந்தைக்குக் கிடைத்த பால் கணிசமாகக் குறைந்தது. அதே தொந்தரவுகளுக்கு நடுவே ஆக்சிடோசின் ஊசி போட்டபோது பழைய அளவை நெருங்கியது. பால் உள்ளே இருந்தது, இறங்கத்தான் இல்லை.

இப்போது அந்த ஆறுதல் வார்த்தையைத் திரும்பப் பாருங்கள். 'நமக்குப் பால் போதாதோ' என்ற பயம் வந்த தாய்க்குப் பால் இறங்கத் தாமதமாகிறது. குழந்தை அழுகிறது. இலவச டப்பா கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. புட்டிப்பால் குடித்து வயிறு நிறைந்த குழந்தை மார்பைச் சப்புவதில்லை. சுரப்பு இன்னும் குறைகிறது. டப்பா தீரும் நேரத்தில், பால் போதாது என்ற ஐயம் உண்மையாகவே ஆகிவிட்டிருக்கிறது. அதன் பின் அடுத்த டப்பாவைக் காசு கொடுத்துத்தான் வாங்க வேண்டும். வாங்க வசதியில்லாத தாய் பவுடரைக் குறைத்துத் தண்ணீரைக் கூட்டினாள். அந்தத் தண்ணீரும் சுத்தமானதல்ல. வயிற்றுப்போக்கில் குழந்தைகள் போனது அப்படித்தான்.

இது வெறும் இலவச மாதிரி அல்ல என்பதைக் கவனியுங்கள். சோப்பு மாதிரி கொடுத்தால், பிடிக்காதவர் பழைய சோப்புக்குத் திரும்பிப் போகலாம். இங்கே மாதிரி தீர்வதற்குள் பழைய பொருள் வற்றிவிடுகிறது. வற்றியதை மீண்டும் சுரக்க வைக்க முடியும். அதற்குப் பொறுமையும், பக்கத்தில் இருந்து சொல்லித் தரும் ஆளும் வேண்டும். அந்த ஆளின் உடையைத்தான் விற்பனைப் பெண் போட்டுக்கொண்டிருந்தாள்.

உடைக்கு வருவோம். மனிதர்கள் வெள்ளைச் சீருடையை ஏன் நம்புகிறார்கள்? முட்டாள்தனத்தால் அல்ல. ஒவ்வொரு மருந்தையும் நாமே ஆராய்ந்து விழுங்க முடியாது. தெரிந்தவர் சொன்னால் கேட்டுக்கொள்வது வாழ்க்கைக்கு அவசியமான குறுக்குவழி. அமெரிக்க உளவியலாளர் ராபர்ட் சியால்டினி, கார் விற்பனை, நிதி திரட்டல், விளம்பரம் என்று பல தொழில்களின் பயிற்சி வகுப்புகளில் அடையாளத்தை மறைத்துக்கொண்டு சேர்ந்து கற்றதைக் கொண்டு 1984-இல் ஒரு நூல் எழுதினார். நாம் 'சரி' என்று சொல்லப் பயன்படுத்தும் குறுக்குவழிகளை அதில் ஆறாகப் பிரித்தார். வாங்கியதற்குத் திருப்பிச் செய்வது, சொன்ன சொல்லில் நிற்பது, நாலு பேர் செய்வதைச் செய்வது, பிடித்தவர் சொன்னால் கேட்பது, விவரம் தெரிந்தவர் பேச்சுக்கு மதிப்புத் தருவது, அரிதாகக் கிடைப்பதை விடாமல் பிடிப்பது. இவை ஆறும் பெரும்பாலான நாள்களில் நம்மைச் சரியான இடத்துக்கே கொண்டுசேர்க்கின்றன. கூட்டமுள்ள ஓட்டலில் சாப்பாடு அநேகமாக நன்றாகத்தான் இருக்கும்.

அதனால்தான் போலி செய்வதற்கு இவை தோதானவை. செல்லாத நாணயத்தை யாரும் கள்ளத்தனமாக அச்சடிப்பதில்லையே. உண்மையிலேயே மூன்று இருக்கைதான் மிச்சம் என்றால் அதைச் சொல்வது தகவல். அதைக் கேட்டு நான் அவசரப்பட்டால் அது என் நியாயமான அவசரம். இருக்கை நிறைய இருக்கும்போது 'மூன்றே மூன்று' என்று காட்டுவது, என் மூளையின் நல்ல பழக்கத்தையே எனக்கு எதிராகத் திருப்புவது. ஆக, கோடு உத்தியில் இல்லை. அதே உத்தி, அதே சொல், உண்மையான அடையாளத்தின் மேல் நின்றால் இணங்க வைத்தல். போலி அடையாளத்தின் மேல் நின்றால் ஆட்டிவைத்தல்.

இது பாதி விடைதான். போலியே இல்லாத இடத்திலும் ஆட்டிவைக்க முடியும்.

அதிகாரத்தின் குரலுக்கு மனிதர் எவ்வளவு தூரம் கட்டுப்படுவார்கள் என்பதற்கு 1966-இல் வெளியான ஹாஃப்லிங்கின் ஆய்வை எல்லாப் பாடநூல்களும் எடுத்துக்காட்டும். அமெரிக்க மருத்துவமனைகளில் இரவுப் பணியில் இருந்த செவிலியருக்கு, முன்பின் தெரியாத 'டாக்டர்' ஒருவர் போன் செய்து, ஒரு நோயாளிக்கு 20 மில்லிகிராம் மருந்து கொடுக்கச் சொல்கிறார். ஒரு நாளைக்கு அதிகபட்சம் 10 மில்லிகிராம் என்று டப்பியிலேயே அச்சிட்டிருக்கிறது. போனில் சொல்லும் மருந்தைக் கொடுக்கக் கூடாது என்பது மருத்துவமனை விதி. இருந்தும் 22 பேரில் 21 பேர் கொடுக்கக் கிளம்பினார்கள். (உள்ளே இருந்தது வெறும் சர்க்கரை, வழியிலேயே அவர்கள் நிறுத்தப்பட்டார்கள்.) பாடநூல்கள் இத்தோடு நின்று, மனிதகுலத்தைப் பற்றிப் பெருமூச்சு விடும்.

1977-இல் ரேங்க், ஜேக்கப்சன் என்ற இருவர் இதே சோதனையை இரண்டு மாற்றங்களோடு திரும்பச் செய்தார்கள். மருந்து செவிலியருக்கு நன்கு தெரிந்த வேலியம். சக ஊழியர்களிடம் கலந்து பேசவும் வழி இருந்தது. இந்த முறை 18 பேரில் 2 பேர்தான் அந்த மிகையளவைக் கொடுக்க முன்வந்தார்கள். மனித இயல்பு பதினோரு ஆண்டில் மாறிவிடவில்லை. முதல் சோதனையில் சரிபார்க்க எதுவும் கையில் இல்லை: தெரியாத மருந்து, தனிமை, போனில் காத்திருக்கும் குரல். இரண்டாவதில் பக்கத்திலிருப்பவரிடம் "இது சரியா சிஸ்டர்?" என்று கேட்க முடிந்தது.

என் வாதத்தின் மையமாக இந்த இரண்டாம் சோதனையைத்தான் நான் வைக்கிறேன். ஒருவரை இணங்க வைப்பவர், கேட்பவர் கையில் இரண்டு விஷயங்களை விட்டுவைக்கிறார்: சொன்னதைச் சரிபார்க்க வழி, சொன்ன 'சரி'யிலிருந்து திரும்பி வர வழி. ஆட்டிவைப்பவரின் உழைப்பெல்லாம் இந்த இரண்டையும் அடைப்பதில்தான் போகிறது. வார்டில் அந்தத் தாயின் பக்கத்தில் சரிபார்க்கக் கூடிய ஆள் யார்? செவிலியர். செவிலியர் மாதிரி வந்தவளோ விற்பனையாள். திரும்பி வரும் வழி எது? சுரப்பு. அது வற்றிக்கொண்டிருந்தது.

வேறு சில அளவுகோல்களும் உண்டு. உணர்ச்சியைத் தூண்டினால் அது சூழ்ச்சி, அறிவோடு பேசினால் அது நேர்மை என்பது நாகரிகமான மனிதர்களுக்குப் பிடித்த அளவுகோல். எனக்கு அதில் நம்பிக்கையில்லை. நம் நாட்டு சிகரெட் பெட்டியில் 85 சதவீத இடத்தை நோயுற்ற உடலின் படம் அடைத்திருக்கிறது. பார்த்தால் குமட்டும். ஆனால் அந்தப் பயம் புகையிலை செய்யும் கேட்டுக்குப் பொருத்தமான பயம். வாங்குபவர் மறுபடி யோசிக்கலாம், மருத்துவரைக் கேட்கலாம், வாங்கியும் போகலாம். மறுபக்கம், உணர்ச்சியே இல்லாத வறண்ட எண்ணிக்கைகள் என்ன செய்யும் என்று பாருங்கள். 1982-இல் மெக்நீல், ஆமோஸ் டுவர்ஸ்கி உள்ளிட்டோர், நுரையீரல் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சையா கதிர்வீச்சா என்று மருத்துவர்களைக் கேட்டார்கள். ஒரு பாதிப் பேருக்கு 'அறுவை சிகிச்சைக்குப் பின் 100-க்கு 90 பேர் பிழைக்கிறார்கள்' என்று கணக்கைக் கொடுத்தார்கள். மறுபாதிக்கு '100-க்கு 10 பேர் இறக்கிறார்கள்' என்று. இரண்டும் ஒரே கணக்கு. முதல் குழுவில் 84 சதவீதம் பேர் அறுவை சிகிச்சையைத் தேர்ந்தெடுத்தார்கள், இரண்டாவதில் 50 சதவீதம். இவர்கள் நோயாளிகள் அல்ல, மருத்துவம் படித்தவர்கள். பொய் இல்லை, உணர்ச்சி இல்லை, ஆனால் ஆளைத் திருப்பியாயிற்று. நேர்மையான மருத்துவர் இரண்டு கணக்கையும் சேர்த்தே சொல்வார். அதுதான் நோயாளிக்குச் சரிபார்க்கும் வழியைத் திறந்துவைப்பது.

மறைவாகச் செய்வதே சூழ்ச்சி என்பது தத்துவவாதிகளிடம் செல்வாக்குள்ள இன்னொரு அளவுகோல். இது எனக்கு ஓரளவு பிடிக்கும், ஆனால் போதாது. 1957-இல் ஜேம்ஸ் விகாரி என்ற விளம்பரக்காரர், திரையரங்கில் கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் 'பாப்கார்ன் சாப்பிடு' என்று மின்னவிட்டு விற்பனையைப் பெருக்கியதாக அறிவித்தார். அமெரிக்காவே அலறியது. சில ஆண்டுகள் கழித்து அது ஒரு கண்கட்டு வேலை என்று அவரே ஒப்புக்கொண்டார். மறைவான செய்தி மூளைக்குள் புகுந்து நம்மை ஆட்டுகிறது என்ற பயம் மட்டும் இன்றுவரை சாகவில்லை. உண்மையில் பெரும்பாலான ஆட்டிவைத்தல் பட்டப்பகலில், கண்ணெதிரே நடக்கிறது. படிவத்தில் ஒரு பெட்டியை முன்கூட்டியே டிக் செய்து வைத்தால் பெரும்பாலோர் அதை அப்படியே விட்டுவிடுவார்கள் என்பது நன்றாக நிறுவப்பட்ட செய்தி. 2015-இல் ஜார்ஜ் லோவன்ஸ்டீன் குழுவினர், 'இந்தப் பெட்டி உங்களை ஒரு பக்கம் சாய்க்கத்தான் இப்படி வைக்கப்பட்டிருக்கிறது' என்று முன்னதாகவே சொல்லிவிட்டுச் சோதித்துப் பார்த்தார்கள். சாய்வு அப்படியே இருந்தது. தெரிந்துகொண்டால் மட்டும் விடுதலை கிடைத்துவிடாது.

இதைக் கைபேசித் திரையில் தினமும் பார்க்கலாம். விமான டிக்கெட் எடுக்கிறீர்கள். பயணக் காப்பீடு வேண்டாம் என்று சொல்லும் பொத்தானில் 'வேண்டாம்' என்று இருக்காது. 'பாதுகாப்பில்லாமலே இருந்துகொள்கிறேன்' என்ற பொருளில் ஒரு வாக்கியம் இருக்கும். தன்னையே திட்டிக்கொண்டுதான் மறுக்க முடியும். கடிகாரம் பின்னோக்கி ஓடும். 'இப்போது 37 பேர் இதைப் பார்க்கிறார்கள்' என்று ஒரு வரி துள்ளும். பிரின்ஸ்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2019-இல் சுமார் 11,000 விற்பனைத் தளங்களைக் கணினி நிரலால் அலசி, இப்படிப்பட்ட 1,818 தந்திரங்களைப் பிடித்தார்கள். சில தளங்களின் நிரலைத் திறந்து பார்த்தபோது, அந்தப் 'பார்க்கிறவர்கள்' எண்ணிக்கையைக் கணினி தன்போக்கில் உருட்டிப் போட்ட எண்ணாக உருவாக்கிக்கொண்டிருந்தது. யாரும் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. சில கடிகாரங்கள் பூஜ்யத்துக்கு வந்த பிறகும் சலுகை அப்படியே இருந்தது. பக்கத்தைப் புதுப்பித்தால் கடிகாரம் மறுபடி முதலிலிருந்து ஓடியது.

திரும்பி வரும் வழியை அடைப்பதற்கும் உதாரணம் உண்டு. அமேசான் தன் பிரைம் சந்தாவை ரத்து செய்யும் பாதையை வேண்டுமென்றே சுற்றி வளைத்து அமைத்தது என்று அமெரிக்க வர்த்தக ஆணையம் 2023-இல் வழக்குத் தொடுத்தது. சேருவதற்கு ஓரிரு தட்டல். விலகுவதற்கு நான்கு பக்கம், ஆறு கிளிக், பதினைந்து தேர்வுகள். நிறுவனத்துக்குள் அந்தப் பாதைக்கு வைத்திருந்த பெயர் 'இலியட்' என்றது வழக்கு மனு. முடிவே இல்லாமல் நீளும் ட்ராய் யுத்தத்தைப் பாடும் ஹோமரின் காவியம்! பெயர் வைத்தவருக்கு இலக்கிய ரசனை இருந்திருக்கிறது. 2025 செப்டம்பரில் நிறுவனம் குற்றத்தை ஒப்புக்கொள்ளாமலே 250 கோடி டாலர் தந்து வழக்கை முடித்துக்கொண்டது.

இனி கடினமான கேள்வி. நல்ல காரியத்துக்காக ஆட்டிவைத்தால்? இந்தக் கேள்வி பழையது. பிளேட்டோவின் ஓர் உரையாடலில் கோர்கியாஸ் என்ற பேச்சாளர் பெருமையடித்துக்கொள்கிறார்: மருத்துவரான தன் சகோதரர் சொல்லி மருந்து குடிக்காத நோயாளியைத் தன் பேச்சாலேயே குடிக்க வைத்ததாக. நோயாளி பிழைத்தால் நல்லதுதானே?

உடலுறுப்பு தானத்தில் இது நேரடியாக வருகிறது. 2003-இல் ஜான்சன், கோல்ட்ஸ்டீன் இருவரும் வெளியிட்ட வரைபடம் ஒன்று உலகப் புகழ் பெற்றது. ஜெர்மனியில் உறுப்பு தானத்துக்குச் சம்மதித்தவர் 12 சதவீதம். பக்கத்திலுள்ள ஆஸ்திரியாவில் 99.98 சதவீதம். ஜெர்மனியில் வேண்டுமென்று பதிவு செய்ய வேண்டும். ஆஸ்திரியாவில் வேண்டாமென்று பதிவு செய்தால் ஒழிய சம்மதம் என்று சட்டம் எடுத்துக்கொள்ளும். அந்த 99.98-ஐச் சம்மதம் என்று அழைக்க எனக்கு நாக்கு கூசுகிறது. பெரும்பாலோர் அப்படியொரு கேள்வி இருப்பதையே யோசித்திருக்க மாட்டார்கள். நோக்கம் உயர்ந்ததுதான், மறுக்க வழியும் திறந்துதான் இருக்கிறது. ஆகவே இதைச் சூழ்ச்சி என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் யாரும் எடுக்காத முடிவை எல்லோரும் எடுத்ததாகக் கணக்குக் காட்டுவதில் ஏதோ இடிக்கிறது.

இடிப்பது அறநெறி மட்டுமல்ல என்பதுதான் சுவையான செய்தி. உறுப்பு தானத்தில் நெடுங்காலமாக உலகின் முன்வரிசையில் நிற்பது ஸ்பெயின். அங்கும் 1979 முதல் 'மறுக்காவிட்டால் சம்மதம்' என்ற சட்டம் இருக்கிறது. ஆனால் 1989-இல் அந்நாட்டின் தேசிய உறுப்பு மாற்று அமைப்பை உருவாக்கிய ரஃபேல் மட்டேசான்ஸ், சக மருத்துவர்களோடு 2010-இல் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் எழுதிய கட்டுரையில், வெற்றிக்குக் காரணம் அந்தச் சட்டம் அல்ல, அதைப் பற்றிய பேச்சே கவனத்தைத் திசைதிருப்புகிறது என்று அடித்துச் சொன்னார். ஸ்பெயினில் குடும்பத்தைக் கேட்காமல் உறுப்பு எடுப்பதில்லை. ஒவ்வொரு மருத்துவமனையிலும் பயிற்சி பெற்ற ஒருங்கிணைப்பாளர் இருக்கிறார். அவர் குடும்பத்தோடு உட்கார்ந்து பேசுகிறார். வேலை செய்வது அந்தப் பேச்சு.

தமிழ்நாட்டுக்கு இது அந்நியமான செய்தி இல்லை. 2008 முதல் அரசு நடத்தும் உறுப்பு தானத் திட்டத்தில் நாட்டிலேயே முன்னணியில் நிற்கும் மாநிலங்களில் நம்முடையதும் ஒன்று. 1997-இல் சென்னையில் தொடங்கிய மோகன் அறக்கட்டளை, இதற்கான ஒருங்கிணைப்பாளர்களைப் பயிற்றுவிக்கிறது. தீவிர சிகிச்சைப் பிரிவின் வாசலில், விபத்தில் மூளைச்சாவு அடைந்த மகனின் பெற்றோரிடம் உறுப்பு தானம் கேட்க வேண்டும். இதைவிடப் பலவீனமான நிலையில் ஒரு மனிதரைப் பார்க்க முடியாது. ஆட்டிவைக்க இதைவிட வசதியான இடமும் கிடையாது.

அதனால்தான் இந்தத் துறையில் முறைகள் கறாராக இருக்கின்றன. 1994-ஆம் ஆண்டுச் சட்டப்படி மூளைச்சாவை நான்கு மருத்துவர்கள் கொண்ட குழு சான்றளிக்க வேண்டும். ஆறு மணி நேர இடைவெளியில் இரு முறை சோதிக்க வேண்டும். உறுப்பைப் பொருத்தப் போகும் அணியைச் சேர்ந்தவர் அந்தக் குழுவில் இருக்கக் கூடாது. இறப்புச் செய்தியைச் சொல்வதும் தானம் கேட்பதும் ஒரே மூச்சில் நடக்கக் கூடாது என்பது பயிற்சியில் வலியுறுத்தப்படும் பாடம். முதலில் இழப்பை அவர்கள் உள்வாங்க வேண்டும். அதன் பிறகு, "ஐயா, இப்போது உங்களிடம் ஒன்று கேட்கலாமா? நீங்கள் வேண்டாம் என்று சொன்னாலும் எங்களுக்கு ஒன்றுமில்லை. வீட்டில் பெரியவர்களிடம் கலந்துகொண்டு சொல்லுங்கள்" என்பது போலப் பேச்சு தொடங்கும். வெள்ளை அங்கி இங்கேயும் சுற்றி இருக்கிறது, உணர்ச்சியும் இருக்கிறது. நான்கு பேர் உயிர் பிழைப்பார்கள் என்பதும் கண்ணீர் வரவழைக்கத்தான் செய்யும். ஆனால் பெரியவர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள் என்ற அந்த ஒரு வரி, ஹாஃப்லிங்கின் செவிலியருக்குக் கிடைக்காத கதவு.

2023-இல் தமிழ்நாடு அரசு, உறுப்பு தானம் செய்தவர்களின் இறுதிச் சடங்கை அரசு மரியாதையோடு நடத்துவதாக அறிவித்தது. இது ஆசை காட்டுவதா என்று சிலர் கேட்பதுண்டு. ஊரறிய அறிவித்து, சொன்னபடி செய்து, வேண்டாம் என்றவரை ஒரு சொல்லும் சொல்லாதவரை அது மரியாதை மட்டுமே. மறுத்த குடும்பத்தைக் குறுகுறுக்க வைக்க யாராவது அதைப் பயன்படுத்தினால் அன்றைக்கு என் கருத்து மாறும்.

கடைசியாக ஒன்று. இதையெல்லாம் படித்துவிட்டால் இனி நாம் ஏமாற மாட்டோம் என்று தோன்றலாம். 2002-இல் சேகரின், சியால்டினி உள்ளிட்டோர் இதையே சோதித்தார்கள். எந்த விளம்பரத்தில் உண்மையான நிபுணர் பேசுகிறார், எதில் நிபுணர் வேடம் போட்டவர் பேசுகிறார் என்று பிரித்துப் பார்க்க மாணவர்களுக்குக் கற்றுக்கொடுத்தார்கள். பாடம் மட்டும் பெற்றவர்களுக்குப் பெரிய பலன் இல்லை. 'சற்று முன் நீயே இந்த வேடதாரியிடம் மயங்கினாய்' என்று அவரவர் விடைத்தாளை எடுத்துக் காட்டிய பிறகுதான் தடுப்பு பிடித்தது. மற்றவர்கள்தான் ஏமாறுவார்கள் என்ற நினைப்பு இருக்கும்வரை அறிவு வேலைக்கு ஆகவில்லை. அதனால் தனிமனித விழிப்பை மட்டும் நம்பி உட்கார முடியாது, சட்டம் வேண்டும்.

நம் நாட்டில் இருக்கிறது. 1992-ஆம் ஆண்டுச் சட்டம் குழந்தைப் பால் பவுடருக்கு விளம்பரம் செய்வதையும், இலவச மாதிரி கொடுப்பதையும், டப்பாவில் தாய் சேய் படம் போடுவதையும் தடை செய்கிறது. 2023 நவம்பரில் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம், 'டார்க் பேட்டர்ன்' என்று குறிப்பிடப்படும் 13 வகைத் திரைத் தந்திரங்களைப் பட்டியலிட்டுத் தடை செய்தது. பொய் அவசரம், கேட்காமல் கூடையில் சேர்ப்பது, குத்திக்காட்டிச் சம்மதிக்க வைப்பது, விலக முடியாத சந்தா எல்லாம் அதில் உண்டு. அடுத்த முறை உங்கள் திரையில் இவற்றில் ஒன்றைப் பார்த்தால் ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்துக்கொண்டு தேசிய நுகர்வோர் உதவி எண்ணுக்கு அழையுங்கள்: 1915.